நாலு பேருக்கு எவ்வளவு?

சென்னை ஓட்டல்களின் பேர்போன பலகாரங்களை வீட்டிலேயே செய்வது எப்படி என்று ஒரு புத்தகம் எழுத ஒப்புக்கொண்டேன். சமைக்கத் தெரியுமா என்று பதிப்பாளர் கேட்கவில்லை. கேட்காததை நானாக எதற்குச் சொல்ல வேண்டும் என்று நானும் இருந்துவிட்டேன். ஓட்டல்களைப் பற்றி அவ்வப்போது நான் எழுதியவற்றைப் படித்திருந்தார். இவ்வளவு ரசித்துச் சாப்பிடுகிறவனுக்கு அடுப்படி தெரியாமலா இருக்கும் என்று அவரே முடிவு கட்டிக்கொண்டார். ஜனவரியில் புத்தகக் காட்சி. "ஊர்ப் பெருமையும் இருக்கு, சாப்பாடும் இருக்கு. அள்ளிக்கிட்டுப் போவாங்க சார்" என்று சொல்லி முன்பணமும் கொடுத்தார். பணத்தைக் கையில் வாங்கிய பிறகு உண்மை பேசினால் மரியாதையாக இராது.

எழுதுவதற்கு முன் நிறையப் படிக்க வேண்டும் என்பது என் கொள்கை. வேலையைத் தள்ளிப்போட இதைவிடக் கௌரவமான வழியை நான் இன்னும் கண்டுபிடிக்கவில்லை. முதலில் எடுத்தது 1878இல் வந்த ‘கலினரி ஜாட்டிங்ஸ் ஃபார் மெட்ராஸ்’. எழுதியவர் கென்னி-ஹெர்பர்ட் என்ற ராணுவ அதிகாரி. புனைபெயர் வைவர்ன். போட்டவர்கள் நம்ம ஹிக்கின்பாதம்ஸ். மெட்ராஸ் வெள்ளைக்காரக் குடும்பங்கள் விருந்து என்ற பெயரில் டப்பாவில் வந்ததை எல்லாம் உடைத்துக் கொட்டுவதைப் பார்த்து மனிதர் கொதித்துப்போய் எழுதியிருக்கிறார். மார்க்கெட்டில் கிடைக்கிற நல்ல சாமான்களை வைத்துப் பிரெஞ்சு முறையில் எப்படிச் சமைப்பது, கோழிக் கறிக்கு மசாலாவை எப்படிப் பக்குவப்படுத்துவது என்று பக்கம் பக்கமாகப் பாடம். அவர் புத்தகத்தில் வருகிற சமையற்காரருக்குப் பெயர் ராமசாமி. துரை சொல்வார், ராமசாமி கிண்டுவார்.

இந்த ஏற்பாடு எனக்கு மிகவும் பிடித்துப்போயிற்று. கையில் புத்தகத்தோடு சமையற்கட்டு வாசலில் நின்று நானும் சொல்ல ஆரம்பித்தேன். எங்கள் வீட்டு ராமசாமி கரண்டியைக் கழுவி மாட்டிவிட்டு, "நீங்களே பண்ணுங்க. நான் சீரியல் பாக்கணும்" என்று போய்விட்டாள். துரைக்கும் எனக்கும் இன்னொரு வித்தியாசமும் உண்டு. அவருக்கு நிஜமாகவே சமையல் தெரியும். பின்னால் லண்டன் போய்ச் சமையல் பள்ளியே நடத்தியவர்.

அடுத்து மீனாட்சி அம்மாளின் ‘சமைத்துப் பார்’. முதல் பாகம் வந்தது 1951இல். சொந்தபந்தங்கள் கடிதம் போட்டுக் கடிதம் போட்டுக் குறிப்புக் கேட்பதைப் பார்த்து, பெரியவர் கே.வி. கிருஷ்ணசாமி ஐயர் இதையெல்லாம் புத்தகமாகவே போட்டுவிடச் சொல்லி அவரைத் தூண்டினார். கல்யாணமாகிப் போகிற பெண்களின் பெட்டியில் புடவையோடு புடவையாக இந்தப் புத்தகமும் போனது. அந்த அம்மாள் ஆழாக்குக் கணக்கில் எழுதியிருக்கிறார். எங்கள் வீட்டு ஆழாக்கு என் மேஜைமேல் பேனா போட்டுவைக்கிற பாத்திரமாக இருந்தது. பேனாக்களை மேஜையில் கவிழ்த்துவிட்டுத் துவரம்பருப்பு அளந்தேன். குக்கரைத் திறந்தபோது பருப்போடு ஒரு நீலநிற மூடியும் வெந்திருந்தது. மீனாட்சி அம்மாள் பெயரில் இதில் பழி எதுவும் இல்லை.

ஆனால் இரண்டு புத்தகமும் வீட்டுக்காக எழுதியவை. எனக்கு வேண்டியது ஓட்டல். திருவல்லிக்கேணி ரத்னா கஃபே 1948இலிருந்து இருக்கிறது. அங்கே இட்லிக்குச் சாம்பார் தொட்டுக்கொள்கிற பேச்சே இல்லை. இட்லியை மூழ்கடித்து, கேட்கக் கேட்க மேலும் ஊற்றுவார்கள். அந்தச் சமையற்கட்டுக்குள் என்னை விடுவார்கள் என்ற தைரியம் வராததால், அதே பேட்டையில் சின்னதாக இருந்த ஒரு ஓட்டலுக்குப் போய், மத்தியானக் கூட்டம் அடங்கிய நேரமாகப் பார்த்துச் சரக்கு மாஸ்டரைப் பிடித்தேன். தோளில் துண்டு, வாயில் வெற்றிலை. கையில் நோட்டுப் புத்தகத்தோடு ஒருவன் வருவதைப் பார்த்து முதலில் மாநகராட்சி ஆள் என்று நினைத்து எழுந்து நின்றார். அதற்குப் பிறகு அந்த மரியாதை எனக்குக் கிடைக்கவில்லை.

"டிபன் சாம்பாருக்குப் பருப்பு எவ்வளவு போடுவீங்க?"

"எத்தினி பேருக்கு?"

"நாலு பேருக்கு."

மாஸ்டர் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்த பையனைத் திரும்பிப் பார்த்தார். பையன் தேய்ப்பதை நிறுத்திவிட்டான். "நாலு பேருக்கு வைக்கணும்னா வீட்ல அண்ணி இருப்பாங்களே சார், அவங்களைக் கேக்கறதுதானே? எனக்கு நாலு பேருக்கெல்லாம் வைக்கத் தெரியாது."

அப்புறம் பாவம் பார்த்துச் சொன்னார். ஒரு அண்டாவுக்கு ஆறு கிலோ பருப்பு, துவரையும் பாசியும் கலந்து. பரங்கி ரெண்டு பெரிய பத்தை. சின்ன வெங்காயம் கண்ணால் பார்த்து. மல்லியும் கடலைப்பருப்பும் மிளகாயும் அன்றன்றைக்கு வறுத்து அரைக்க வேண்டும். வெல்லம் ஒரு அச்சு, ஆனால் வெல்லம் போட்டது யாருக்கும் தெரியக் கூடாது. பெருங்காயம் கட்டியாக வாங்கி, தண்ணீரில் ஊறப் போட்டு, அந்தத் தண்ணீரை ஊற்ற வேண்டும்.

"எவ்வளவு ஊத்தணும்?"

"வாசனை வர்ற வரைக்கும்."

கல்லாவில் கேட்டேன். காலையில் முன்னூறு பேர் சாப்பிடுகிறார்கள் என்றார் முதலாளி. வீட்டுக்கு வந்து கால்குலேட்டரை எடுத்தேன். முன்னூறை நாலால் வகுத்தால் எழுபத்தைந்து. ஆறு கிலோ பருப்பை எழுபத்தைந்தால் வகுத்தால் 80 கிராம். இதுவரை கணக்கு ஒழுங்காகத்தான் வந்தது. பரங்கிப் பத்தைகளை எழுபத்தைந்தால் வகுத்தபோது பல்லிடுக்கில் மாட்டுகிற அளவு வந்தது. அச்சு வெல்லத்தை எழுபத்தைந்து பங்காக்க அம்மிக் குழவியால் தட்டினேன். அதில் பாதி அலமாரிக்கு அடியில் போய் எறும்புகளுக்குச் சேர்ந்தது. ஊறவைத்த பெருங்காயத் தண்ணீரை வாசனை வருகிற வரைக்கும் ஊற்றினேன். ஜலதோஷம் பிடித்திருந்ததால் வாசனை வரச் சற்று நேரமாயிற்று.

பக்கத்து வீட்டுக்காரர் காலிங் பெல் அடித்து, கேஸ் கசிகிறதா என்று கேட்டார்.

கணக்கில் தப்பில்லை, கணக்குப் போட்டதே தப்பு என்பது அப்புறம்தான் உறைத்தது. அண்டா நிறையக் கொதிக்கிற சாம்பாரில் வற்றுவது கொஞ்சம்தான். மேல்பரப்பு சிறிது, உள்ளே இருப்பது பெரிது. காலை ஐந்து மணிக்கு இறக்கிவைத்தால் எட்டு மணிக்கும் உள்ளுக்குள் சுட்டுக்கொண்டே இருக்கும். பருப்பும் பரங்கியும் கரைந்து ஒன்றாக அந்த மூன்று மணி நேரம் வேண்டும். என்னுடைய நாலு பேர் சாம்பார் பத்து நிமிடத்தில் வற்றிக் கூட்டாகி, தண்ணீர் விட்டால் ரசமாகி, மறுபடி கொதிக்கவிட்டால் கூட்டாகியது. ஓட்டல் ருசியில் சரிபாதி அந்த முன்னூறு பேர் போடுவது என்பது என் கட்சி. இதைப் புத்தகத்தின் முன்னுரையில் எழுதினால் மிச்சப் புத்தகம் எதற்கு என்று வாங்குகிறவர் கேட்பார். அதனால் எழுதவில்லை. "80 கிராம்" என்றே எழுதிக் கொடுத்தேன்.

தோசைக் கதை இதைவிட மோசம். ஓட்டல் தோசைக்கல் நல்ல கனத்த இரும்பு. மாவை ஊற்றினால் அதற்குச் சூடு இறங்குவதே இல்லை. மாறாக, சூடு ஏறிக்கொண்டே போகும். தோசை மாஸ்டர் ஒரு கை தண்ணீரை விசிறி, தென்னந்துடைப்பத்தால் ஒரு இழுப்பு இழுத்து, கல்லைத் தணித்து, அடுத்த மாவை வார்ப்பார். இதை நான் மணிக்கணக்கில் பார்த்து நின்றிருக்கிறேன். அந்த ‘சுர்ர்’ சத்தத்தில்தான் சூட்சுமம் இருப்பதாக எனக்குத் தோன்றியது. புதிதாக ஒரு தென்னந்துடைப்பம் வாங்கி, சுத்தமாகக் கழுவி, வெயிலில் காயவைத்து, அடி கட்டிச் சமையற்கட்டில் வைத்தேன். மாமியார் ஊரிலிருந்து வந்திருந்தார். அடுப்பு மேடையில் துடைப்பம் இருப்பதைப் பார்த்து ஒன்றும் பேசாமல் சுவாமி அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். எங்கள் வீட்டில் இருப்பது நான்ஸ்டிக் தவா என்ற விஷயம் துடைப்பத்தை இழுத்த பிறகுதான் ஞாபகத்துக்கு வந்தது. வரிவரியாகக் கீறல். அன்றைய தோசையில் கறுப்புப் புள்ளிகள் இருந்தன. மிளகு தோசை என்று சொல்லிப் பார்த்தேன்.

தவறு மாவில்தான் என்று அடுத்ததாக முடிவு செய்தேன். மிக்ஸியில் அரைத்தால் மாவு சூடேறிவிடும், உளுந்து உபரி காணாது என்று எல்லா மாஸ்டர்களும் ஒரே குரலில் சொல்லியிருந்தார்கள். அது உண்மையும்கூட. கல் கிரைண்டர் மெதுவாகச் சுற்றும். உளுந்தில் காற்று ஏறி, மாவு பூத்து வரும். கோயம்புத்தூர் வெட் கிரைண்டருக்குப் புவிசார் குறியீடே இருக்கிறது, சும்மாவா? சின்னதாக ஒரு டேபிள் டாப் போதுமே என்றாள் மனைவி. ஓட்டல் புத்தகம் எழுதுகிறவனுக்கு டேபிள் டாப்பா? முன்பணத்தை எடுத்துக்கொண்டு போய், கல்யாண காண்டிராக்டர்கள் வாங்குகிற கடையில், ஆளுயரத்தில் பாதி இருக்கும் டில்டிங் கிரைண்டர் ஒன்றை வாங்கி வந்தேன். இரண்டு ஆட்கள் தூக்கி வந்தார்கள். மாடிப்படி திருப்பத்தில் சுவர் கொஞ்சம் பெயர்ந்தது.

அதில் நாலு பேருக்கு அரைக்க முடியாது. குறைந்த மாவைப் போட்டால் குழவிக்குக் கீழே போகாமல் பக்கவாட்டில் அப்பிக்கொண்டு வேடிக்கை பார்க்கும். எனவே கிரைண்டருக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு போட்டேன். சென்னை மே மாதம். இரவு பதினோரு மணிக்கு ஊற்றிவைத்த மாவு விடிவதற்குள் எழும்பி, குண்டானைத் தாண்டி, அடுக்கு, வாளி, குக்கர் என்று நான் நிரப்பிவைத்த பாத்திரம் எல்லாவற்றையும் தாண்டி, மேடையிலிருந்து வடிந்து, பால்காரர் வருகிற நேரத்தில் வாசற்படி வரை வந்து நின்றது. அன்றைக்குக் குடியிருப்பில் எந்த வீட்டிலும் காலை டிபனுக்கு யோசிக்க வேண்டியிருக்கவில்லை. கீழ் வீட்டு அக்கா மட்டும் மாவை விரலால் தொட்டுப் பார்த்து, "பதம் நல்லாருக்குங்க" என்றார். மொத்தப் புத்தக வேலையிலும் எனக்குக் கிடைத்த பாராட்டு அது ஒன்றுதான். அதுவும் கிரைண்டருக்குச் சேர வேண்டியது.

வடகறி எளிது என்று நினைத்தேன். சைதாப்பேட்டை என்றால் மாரி ஓட்டல், மாரி ஓட்டல் என்றால் வடகறி. அந்தப் பக்கம் வளர்ந்தவர்கள் இட்லிக்குச் சட்னி இல்லாவிட்டாலும் பொறுத்துக்கொள்வார்கள். மிஞ்சிய மசால் வடையை உதிர்த்துக் குருமாவில் போட்டதில் பிறந்த பலகாரம் என்பது ஊரறிந்த கதை. இப்போது அதற்கென்றே கடலைப்பருப்பை அரைத்துப் போடுகிறார்கள். எனக்கோ ஆதிமுறையில் செய்ய வேண்டும் என்று வீம்பு. அதற்கு முதலில் வடை மிஞ்ச வேண்டும். எங்கள் வீட்டில் வடை மிஞ்சிய சரித்திரம் இல்லை. ஞாயிற்றுக்கிழமை வடை போட்டு, மிச்சம் வைக்கச் சொல்லிவிட்டு வாக்கிங் போய்வந்தேன். தட்டு காலி. அடுத்த வாரம் இன்னும் கூடுதலாகப் போட்டேன். மைத்துனன் குடும்பத்தோடு வந்துவிட்டான். கடைசியில் டீக்கடையில் ஆறிப்போன வடைகளை வாங்கிவந்து, பிள்ளைகளுக்குத் தெரியாமல் பீரோவில் துணிகளுக்கு நடுவே வைத்தேன். மறுநாள் வடகறி சுமாராக வந்தது. சட்டைகள்தான் ஒரு வாரத்துக்குச் சோம்பு வாசனை அடித்தன. புத்தகத்தில் "மசால் வடை – 8 (முந்தின நாள் மிஞ்சியது)" என்று எழுதினேன். படிப்பவர்கள் எங்கே ஒளித்துவைப்பது என்பதை அவர்கள் சாமர்த்தியத்துக்கு விட்டுவிட்டேன்.

சிக்கன் 65இல் சமைக்கும் நிலைக்கே நான் போகவில்லை. மவுண்ட் ரோடு புஹாரியில் 1965இல் பிறந்ததால் அந்தப் பெயர் என்பது அவர்கள் தரப்பு. அதே மெனுவில் 78, 82, 90 என்று தம்பிகளும் உண்டு. அறுபத்தைந்து நாள் வளர்ந்த கோழி என்றும், அறுபத்தைந்து மிளகாய் என்றும், மெனு கார்டில் அறுபத்தைந்தாவது வரிசை என்றும் சொல்கிறவர்கள் தனி. எந்தக் கட்சியையும் பகைத்துக்கொள்ள மனம் வராமல், நாலு கதையையும் நாலு வெவ்வேறு பக்கத்தில், ஒவ்வொன்றையும் தீர்மானமான உண்மையாக எழுதிவைத்தேன்.

மூடிப்போன ஓட்டல்களுக்கு ஒரு அத்தியாயம் ஒதுக்கியது என் ராஜதந்திரம். கதீட்ரல் ரோட்டில் 1962இல் திறந்த உட்லண்ட்ஸ் டிரைவ்-இன் 2008இல் மூடிவிட்டது. அந்த இடத்தில்தான் இப்போது செம்மொழிப் பூங்கா. ஓட்டல் இருந்த காலத்தில் காரில் உட்கார்ந்தபடியே சாப்பிடலாம். கார் இல்லாத என்னைப் போன்றவர்கள் உள்ளே உட்கார்ந்து ஒரு காபியில் முழு மாலையையும் ஓட்டலாம். அங்கே கிடைத்த பட்டூராவை நாக்கின் ஞாபகத்தை வைத்து எழுதினேன். சரியா தப்பா என்று சோதிக்க இனி ஓட்டலே கிடையாது, யார் வந்து கேட்கப்போகிறார்கள்? எல்லாரும் வந்தார்கள். கையெழுத்துப் பிரதியைக் காட்டிய நண்பர்கள் ஒவ்வொருவரிடமும் அந்த பட்டூராவின் விட்டம், உப்பல், கூட வைத்த வெங்காயத்தின் வெட்டு பற்றித் தனித்தனி ஆதாரம் இருந்தது. இருக்கிற ஓட்டலைப் பற்றித் தப்பாக எழுதினால் ஊர் மன்னித்துவிடும். இல்லாத ஓட்டல் என்றால் எல்லாருக்கும் ரத்த சொந்தமாகிவிடுகிறது.

அத்தோ என்ற பர்மிய நூடுல்ஸுக்காகப் பாரிமுனைப் பக்கம் செகண்ட் லைன் பீச் போனேன். 1960களில் பர்மாவில் ராணுவ ஆட்சி வந்து, கடை கண்ணி எல்லாம் தேசியமயமாகி, கப்பலேறி வந்த தமிழர்கள் கொண்டுவந்த ருசி. தள்ளுவண்டியில் ஒரு அம்மா. ஆரஞ்சு நிற நூடுல்ஸ், முட்டைக்கோஸ், வெங்காயம், புளித்தண்ணீர், வறுத்த பூண்டும் அந்த எண்ணெயும், மிளகாய்த்தூள், எலுமிச்சை, மேலே நொறுக்கிய பேஜோ என்கிற மொறுமொறு தட்டை. எல்லாவற்றையும் ஒரு கிண்ணத்தில் போட்டுக் கையாலேயே பிசைந்தார். விரல்கள் நூடுல்சை நசுக்காமல் அடியிலிருந்து தூக்கித் தூக்கி விட்டன. கூடவே வாழைத்தண்டு சூப். நான் ஒவ்வொன்றுக்கும் அளவு கேட்க, அவர் ஒவ்வொன்றையும் போட்டுக் காட்டிக்கொண்டே போனார். போட்டதை எல்லாம் நான்தான் சாப்பிட வேண்டியிருந்தது என்பதை எழுந்திருக்க முடியாதபோது உணர்ந்தேன். வீட்டில் நாகரிகமாக முள்கரண்டியால் கலந்தேன். பூண்டு ஒரு பக்கமும் புளி ஒரு பக்கமும் உட்கார்ந்துகொண்டு ஒன்றோடொன்று பேச மறுத்துவிட்டன.

எப்படியோ கையெழுத்துப் பிரதியைச் சேர்த்துவிட்டேன். பதிப்பகத்தில் மெய்ப்புப் பார்ப்பவர் ஓய்வுபெற்ற தமிழாசிரியை. ஒற்றுப் பிழைகளைச் சுழித்து அனுப்புவார் என்று எதிர்பார்த்தேன். கட்டு திரும்பி வந்தது. ஒற்றுப் பிழை அதிகமில்லை. ஆனால் ஒவ்வொரு குறிப்பின் ஓரத்திலும் சிவப்பு மையில் ஒரே கேள்வி: "உப்பு?"

சாம்பாரில் உப்பு இல்லை. வடகறியில் இல்லை. தோசை மாவில், பட்டூராவில், அத்தோவில், எங்கும் இல்லை. கேட்ட மாஸ்டர்கள் யாரும் உப்பைச் சொல்லவில்லை, உப்புப் போடுவதை ஒரு விஷயமாக அவர்கள் நினைக்கவே இல்லை. அவர்கள் சொல்லாததால் நான் எழுதவில்லை. எழுதியதைப் பார்த்துச் செய்ததால் நானும் போடவில்லை. வீட்டில் நான் செய்ததை எல்லாம் மனைவி ரகசியமாகச் சரிசெய்து பரிமாறியிருக்கிறாள் என்பதும் அப்போதுதான் வெளிவந்தது. ரோஸ் மில்க் குறிப்பின் ஓரத்திலும் ஆசிரியை பழக்க தோஷத்தில் "உப்பு?" என்று எழுதி, பிறகு அடித்திருந்தார்.

பதிப்பாளர் கோபப்படவில்லை. புத்தகக் காட்சிக்கு வேறொருவரின் ஆன்மிகப் பயண நூலைப் போட்டார், நன்றாகவும் விற்றது. முன்பணத்தைப் பற்றி மட்டும் இரண்டொரு தரம் நயமாக விசாரித்தார். கிரைண்டரை விற்றாவது கொடுத்துவிடலாம் என்று பார்த்தால், வாங்க வந்தவர்கள் மாடிப்படித் திருப்பத்தைப் பார்த்ததும் திரும்பிப் போனார்கள். கடைசியில் கீழ் வீட்டு அக்கா கேட்டார். அவர் பிள்ளைகளும் நண்பர்களுமாகக் கயிறு கட்டி இறக்கினார்கள். மாதாமாதம் கொடுப்பதாகப் பேச்சு. அந்தப் பணம் அப்படியே பதிப்பாளருக்குப் போகிறது.

இப்போது எங்கள் தெருவில் பாதி வீடுகளுக்கு அக்காவிடமிருந்துதான் மாவு. சாயங்காலம் பாக்கெட் போட்டு வாசலில் வைத்தால் ஏழு மணிக்குள் தீர்ந்துவிடும். நாங்களும் அங்கேதான் வாங்குகிறோம். ஒரு காலத்தில் என்னுடையதாக இருந்த கிரைண்டர் ஆயிற்றே, பாக்கெட்டுக்கு ஐந்து ரூபாயாவது குறைத்துக்கொள்ளக் கூடாதா என்று ஒருநாள் கேட்டுப் பார்த்தேன்.

"கரண்ட் பில்லு நீங்க கட்டறீங்களாண்ணே?" என்றார்.